தண்ணீர் தெளித்த சாலை

அறிவழகன் விளக்கு வைத்துப் படமெடுக்க மாட்டான். நடந்து வந்தவரைத் திரும்ப நடக்கச் சொல்ல மாட்டான். ஒளிந்திருந்தும் எடுக்க மாட்டான். கேமராவோடு ஓர் ஊரில் போய் உட்கார்ந்துவிடுவான். அது இருப்பதையே எல்லாரும் மறந்த பிறகுதான் எடுக்கத் தொடங்குவான். ஆவணப்பட ஒளிப்பதிவில் அவனுக்குப் பேர் வாங்கித் தந்தது இந்தப் பிடிவாதம்தான்.

அரியலூருக்குப் பக்கத்தில் ஓர் ஊரில் சுண்ணாம்புக்கல் சுரங்கத்து லாரிகள் வீடுகளை ஒட்டியே ஓடின. புழுதியில், சாலையோர வீட்டுச் சிந்தாமணியின் மகள் கவியாவுக்கு மூச்சிளைப்பு. அதே சாலையில் இன்னொரு சுரங்கத்துக்கும் கம்பெனி அனுமதி கேட்டிருந்தது. கருத்துக்கேட்புக் கூட்டத்தில் காட்டப் படம் வேண்டுமென்று, அந்த ஊர் மாயவன்தான் பெரம்பலூர் வந்து அவனைக் கூப்பிட்டார்.

கேமரா ஸ்டாண்டை நட்ட மறுநாளே கம்பெனியின் தண்ணீர் லாரி வந்து சாலையை நனைத்துவிட்டுப் போனது. பிறகு தினமும் வந்தது.

“உங்க புண்ணியம் சார், துணிய வெளிய காயப்போடுறோம்” என்று சிந்தாமணி சிரித்தாள்.

மாயவன் சிரிக்கவில்லை. “தம்பி, எங்க வூட்டு மாடிக்கு ஏறிடுங்க. கீத்துக்குப் பின்னால வச்சு எடுத்தா ஒரு பய பாக்க மாட்டான். தண்ணி நின்னுரும்.”

“ஒளிஞ்சு எடுத்தா அது வேவு பாக்குறதுண்ணே. பொறுங்க. அவங்களும் கேமராவ மறந்துடுவாங்க.”

“அவனுவளா? பொண்டாட்டி பேர மறப்பானுவ, இத மறக்க மாட்டானுவ.”

ஊர் மறந்தது. கம்பெனி மறக்கவில்லை.

ஒரு விடியலில் ஈரச் சாலையில் கவியா சைக்கிளில் போனாள். பின்னால் சுரங்கத்து லாரி மெல்ல வந்தது. புழுதி இல்லாத அந்த வெளிச்சத்தைப் பார்த்துவிட்டு அவனால் சும்மா இருக்க முடியவில்லை. எடுத்த அந்தத் துண்டுப் படத்தை மட்டும் இணையத்தில் போட்டான். ‘இதில் எதையும் நான் செய்யச் சொல்லவில்லை’ என்று, எப்போதும் எழுதுவதைக் கீழே எழுதினான்.

கூட்டத்தில் கம்பெனிக்காரர் அதைத்தான் திரையில் போட்டார்.

“நாங்க எடுத்தது இல்லீங்க சார். ஊர்க்காரங்களே கூட்டியாந்தவரு எடுத்தது. கீழ என்ன எழுதியிருக்காருன்னு படிங்க.”

அறிவழகன் எழுந்தான். “நான் படமெடுக்குறதாலதான் தண்ணி தெளிச்சாங்க சார். அந்தத் தண்ணி லாரியயும் எடுத்திருக்கேன்.”

“தினமும் வந்துச்சா?” என்றார் கூட்டத்தை நடத்திய அதிகாரி.

“வந்துச்சு.”

“அப்ப தினமும் தெளிக்கிறாங்க. புழுதி பறக்குறத எடுத்தீங்களா?”

மாயவன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார்.

அனுமதி கிடைத்தது. தண்ணீர் லாரி நின்றுபோனது. அறிவழகன் மறுபடி பஸ் ஏறி வந்து, பழைய இடத்திலேயே ஸ்டாண்டை நட்டான். சிந்தாமணி முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு வந்து நின்றாள். உள்ளே கவியா இருமிக்கொண்டிருந்தாள்.

“படமெல்லாம் வேணாம் சார். சும்மா அத வச்சுக்கிட்டு ஒக்காந்திருங்க. தண்ணியாச்சும் வரும்.”

உட்கார்ந்தான். வெயில் ஏறியும் தண்ணீர் வரவில்லை. லாரிகள் புழுதியைக் கிளப்பிக்கொண்டு ஒன்றன்பின் ஒன்றாகப் போயின. ஒரு டிரைவர்கூட கேமராவைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவன் சொன்னபடியே மறந்துவிட்டார்கள்.