யாரும் இறங்காத விமானம்

தம்பிக்கு விமான வேலை பறிபோனதிலிருந்து அக்காவுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

துணை விமானியாக இருந்தவன். விடுமுறையில் வீட்டுக்கு வந்தபோது குளியலறையில் வலிப்பு வந்து விழுந்தான். ஒரே தடவைதான். ஆனால் இனி அவனைப் பறக்க அனுமதிக்க முடியாது என்று மருத்துவக் குழு கையை விரித்துவிட்டது. அன்று அவன் அழவில்லை. "சரி, விடுக்கா" என்றான். அதற்குப் பிறகு அவன் வாயிலிருந்து ஒரு வார்த்தை வாங்குவதே பெரும்பாடாகிவிட்டது.

அக்கா பல் டாக்டர். யாராவது வலியில் இருந்தால் அவளால் சும்மா இருக்க முடியாது. நாலு பேரிடம் விசாரித்து, அவன் ஓட்டிய அதே ரக விமானத்தைக் கம்ப்யூட்டரில் ஓட்டுவதற்கான சாமான்களை வாங்கி வந்தாள். பெரிய திரைகள், கைப்பிடி, கால் மிதிகள். இஸ்திரி போடும் அறையை ஒழித்து எல்லாவற்றையும் மாட்ட வைத்தாள். அவன் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் அந்த அறையிலிருந்து அவனே கூப்பிட்டான்.

"அக்கா, சும்மாதானே இருக்க? வந்து பக்கத்துல உக்காரு."

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. சாப்பாட்டு மேசை நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். "பெல்ட் போடணுமாடா?"

"உன் க்ளினிக் நாற்காலிக்கு இது எவ்வளவோ தேவலக்கா."

அவன் கேலி பேசிக் கேட்டு எத்தனை காலமாயிற்று.

விமானம் ஓடி எழும்பியது. திரையில் கட்டடங்கள் சிறுத்து, மேகம் மூடி, பிறகு நீலம் விரிந்தது. அவன் முகத்தில் பழைய களை வந்திருந்தது. காற்று பக்கவாட்டில் தள்ளியும் அசராமல், பூவை வைப்பதுபோல் தரையில் இறக்கினான். அக்கா கைதட்டினாள்.

இன்ஜின்களை அணைத்துவிட்டு எழுந்தான். சட்டையை நீவிவிட்டுக்கொண்டு, அறைக் கதவைத் திறந்து நிலையோரமாகப் போய் நின்றான்.

"என்னடா ஆச்சு?"

"எல்லாரும் இறங்குற வரைக்கும் நான் இப்படித்தான் நிப்பேன். தூங்குற குழந்தையத் தோள்ல போட்டுக்கிட்டு, போன்ல பேசிக்கிட்டு, போயிட்டே இருப்பாங்க. பாதிப் பேரு என்னைப் பார்க்கக்கூட மாட்டாங்க. இத்தனை பேரைக் கொண்டுவந்து சேத்துட்டோம்னு இருக்கும்." கூடத்தின் பக்கம் திரும்பினான். "இப்ப பின்னாடி யாருமே இல்லக்கா."

வெறிச்சோடிக் கிடந்த கூடத்தைப் பார்த்தபடியே அப்படியே சரிந்து உட்கார்ந்தான். அத்தனை நாள் அடக்கி வைத்த அழுகை பீறிட்டு வந்தது. அக்கா எழுந்து வந்தாள். தரையில் உட்கார்ந்து அவன் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். அவளும் அழுதாள்.

மறுநாள் காலை அவனே எல்லாவற்றையும் கழற்றி அட்டைப் பெட்டிகளில் அடுக்கினான். இப்போது அதே விமானக் கம்பெனி அலுவலகத்தில், எந்த விமானி எந்த விமானத்தில் போக வேண்டும் என்று அட்டவணை போடுகிறான். வேலைக்கு ஒழுங்காகப் போய் வருகிறான், சாப்பிடுகிறான், தூங்குகிறான். வீட்டுக்கு மேலே விமானச் சத்தம் கேட்டால் அக்காதான் அண்ணாந்து பார்க்கிறாள். அவன் பார்ப்பதில்லை.