நான்கு மாதத்துக்குள் ஒரு ஜன்னல்

1

இந்தக் கதையை நானாக விரும்பி எழுதவில்லை. உயர் நீதிமன்றம்தான் எழுத வைத்தது. எங்கள் கீழ்வீட்டு வழக்கு பன்னிரண்டு வருடமாக வாய்தாவிலேயே ஓடிக்கொண்டிருந்தது. 'நான்கு மாதத்துக்குள் முடியுங்கள்' என்று கீழ்க்கோர்ட்டுக்கு மேலிருந்து உத்தரவு வந்துவிட்டது. நான் வீட்டுக்காரர் தரப்பில் மூன்றாம் சாட்சி. இத்தனை வருடம் நிம்மதியாக இருந்த சாட்சி.

முதலில் இப்படித் தொடங்கினேன்: அன்று வானம் மேகங்களால்

வேண்டாம். அன்று நான் வானத்தைப் பார்க்கவில்லை.

2

வழக்கு இதுதான். கீழ்வீட்டில் குடியிருக்கும் கடிகார ரிப்பேர்க்காரர், வீட்டுக்காரரைக் கேட்காமல் சமையலறைச் சுவரை இடித்து ஜன்னல் வைத்துவிட்டார். கட்டடத்துக்குச் சேதம். ஆகவே காலி செய்ய வேண்டும்.

அவர் மனைவிக்கு மூச்சிரைப்பு. ஜன்னல் வந்த பிறகுதான் அந்தம்மா நடுவில் வெளியே ஓடிவராமல் ஒரு வேளைச் சமையலை முடித்தார்.

நான் மாடியில். (எனக்கும் அதே வீட்டுக்காரர்தான். அடைப்புக்குறிக்குள் போட்டால் கண்ணில் படாது என்று நினைத்தேன்.)

3

வீட்டுக்காரர் பாத்திரம் சரியாக அமையவில்லை. முதல் வரைவில் கொடுமைக்காரராக எழுதினேன், ஒட்டவில்லை. நிஜத்தில் அவர் ஓய்வுபெற்ற சர்வேயர். மாடிப்படியில் எதிரே வந்தால் ஒதுங்கி வழிவிடுவார். கடிகாரக்காரரும் அவரும் ஒரு காலத்தில் அவ்வளவு நெருக்கம். தண்ணீர் மோட்டாரை நிறுத்தாமல் விட்டது யார் என்பதில் ஒருநாள் முட்டிக்கொண்டது. அதற்கப்புறம்தான் ஜன்னல் குற்றமானது.

நான் எழுதிக் கொடுத்த வாக்குமூலம்: சுத்தியல் சத்தம் கேட்டது, எட்டிப் பார்த்தேன், கடிகாரக்காரர் ஏணியில் நின்று சுவரை இடித்துக்கொண்டிருந்தார். அத்தனையும் உண்மை. ஒரு வரியை மட்டும் விட்டிருந்தேன்.

4

சாட்சிக் கூண்டில் ஏறியதும் கற்பனை என்னைக் கைகழுவிவிட்டது. அந்தம்மா கடைசி பெஞ்சில் மின்விசிறிக்கு நேர்கீழே உட்கார்ந்திருந்தார். எதிர்த்தரப்பு வக்கீல், ஏணிக்குக் கீழே யாராவது நின்றார்களா என்று கேட்டார்.

மாடிக்குக் கொடுக்கும் வாடகையில் வேறு வீடு கிடைக்குமா என்று ஒரு நொடி யோசித்தேன்.

"நின்னாங்க. வீட்டுக்காரர். ஏணியைப் பிடிச்சிட்டிருந்தார்."

கடிகாரக்காரர் இதைத்தான் பன்னிரண்டு வருடமாகச் சொல்லிவந்தார். நம்ப ஆள் இல்லை.

வீட்டுக்காரர் எழுந்துவிட்டார். "ஐயா, மனுஷன் விழுந்துடக் கூடாதேன்னு பிடிச்சேன். அது அனுமதி கொடுத்ததா ஆயிடுமா?"

நீதிபதி அதையும் பதிவு செய்யச் சொன்னார். தட்டச்சுக்காரர் உதட்டைக் கடித்துக்கொண்டு தட்டினார். அந்தம்மா சிரித்துவிட்டார், சிரிப்பு இருமலாயிற்று. வீட்டுக்காரரே தன் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். அந்தம்மா வாங்கிக் குடித்தார். வழக்கு தொடர்ந்தது.

5

தீர்ப்பு வெள்ளிக்கிழமை. கெடு சனிக்கிழமையோடு முடிகிறது.

முடிவு ஒன்று: ஜன்னலும் இருக்கிறது, அவர்களும் இருக்கிறார்கள்.

முடிவு இரண்டு: கொத்தனார் வந்து ஜன்னலை அடைக்கிறார், அந்தம்மா சாமான்களைக் கட்டிக்கொண்டு

இதை என்னால் முடிக்க முடியவில்லை.

கோர்ட் படியில் இறங்கும்போது வீட்டுக்காரர் என் பக்கத்தில் வந்தார். கோபமாகத் தெரியவில்லை.

"மாடியில நீங்க எத்தனை வருஷமா இருக்கீங்க?"

"பத்தொன்பது."

"ம்" என்றார்.

தீர்ப்பையும் அந்த 'ம்'முக்கு அர்த்தத்தையும் நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். எனக்கு நேரமில்லை, ஒரு வக்கீலைப் பார்க்க வேண்டும்.