கலங்கல் தெரு

தாம்பரத்திலிருந்து முடிச்சூர் போகிற சாலையில் உள்ளே தள்ளிப் பொன்னுரங்கம் நகர் என்று ஒன்று இருக்கிறது. அதில் பொன்னுரங்கம் தெரு. தெருவின் தலைமாட்டில் பொன்னுரங்கம் மாளிகை என்ற கல்யாண மண்டபம். அங்கே போய்ப் பொன்னுரங்கம் யார் என்று கேட்டால் இளவட்டங்கள் மண்டபத்து ஓனர் என்பார்கள். வயதானவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். இந்தி எதிர்ப்பில் ஜெயிலுக்குப் போனவர், மைக் பிடித்தால் வண்டலூரிலிருந்து ஜனங்கள் நடந்தே வந்து கேட்ட பேச்சாளர், சாகும்வரை வாடகை வீட்டில் இருந்தவர் என்று சொல்லி, அப்படி ஒரு மனுஷன் இனிப் பிறக்கப் போவதில்லை என்று முடிப்பார்கள். அதில் பொய் ஒன்றும் இல்லை.

அவருடைய மகன் வைத்தீஸ்வரன். பகுத்தறிவு பேசியவர் வீட்டில் இந்தப் பெயர் எப்படி வந்தது என்று எதிர்க்கட்சிக்காரர்கள் கேட்காத தேர்தல் கிடையாது. பெயர் வைத்தது என் அம்மா, அவங்களை என் அப்பாவாலேயே எதிர்த்து ஜெயிக்க முடியவில்லை என்று அவரும் சிரித்துக்கொண்டே பதில் சொல்வார். சொல்லிவிட்டுப் பெரும்பாலும் ஜெயித்தும் விடுவார். மூன்று முறை எம்.எல்.ஏ.வாக இருந்தார். சித்தேரியை ஒட்டிய வயல்கள் மனைகளானபோது நகருக்கும் தெருவுக்கும் அப்பா பெயரை வைத்தவர் அவர்தான். மண்டபத்தைக் கட்டி மனைவி அபிதகுஜாம்பாள் பெயரில் எழுதி வைத்தவரும் அவரே. அவர் காலமாகிச் சில வருஷங்கள் ஆகின்றன.

இப்போது மகள் சுபத்ரா அந்த வார்டின் கவுன்சிலர். வரப்போகிற சட்டமன்றத் தேர்தலில் சீட்டு அவளுக்குத்தான் என்று கட்சியில் பேச்சு. அவளும் நம்பினாள். ஆசைப்பட்டாள் என்றே சொல்லிவிடலாம், அதில் வெட்கப்பட என்ன இருக்கிறது.

தலைவலி தண்ணீரால்தான் வந்தது. ஐப்பசி பிறந்தால் பொன்னுரங்கம் தெருவில் முட்டியளவு தண்ணீர் நிற்கும். 2015 வெள்ளத்தில் தெருவே மொட்டைமாடியில் குடியிருந்தது. அப்புறம் மழைநீர் வடிகால் கட்டினார்கள். தண்ணீர் வடிகாலைச் சட்டை செய்யாமல் தெரு வழியாகவே போயிற்று. இந்த வருஷமும் முதல் மழைக்கே வீடுகளுக்குள் புகுந்துவிட்டது. சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சுபத்ரா ஒவ்வொரு வாசலாகப் போய் மோட்டார் வரும் என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.

தையல் வேலை செய்கிற ரோஸி, மெஷினைக் கட்டில்மேல் ஏற்றிவிட்டு வாசலில் நின்றிருந்தாள். அவளிடமும் சுபத்ரா மோட்டார் கதையைச் சொன்னாள். ரோஸி கோபப்படவில்லை.

"மோட்டார் வரும்க்கா, வராம இன்னா. உன்ன நான் கொற சொல்லல. எங்க வூட்டுக்காரரு மனை பாக்கறப்ப அஸ்தினாபுரத்துலகூட பாத்தாரு. தெருவுக்கு உங்க தாத்தா பேரு கீதுன்னுதான் இத வாங்குனாரு. அவுரு பேரு வெச்ச எடத்துல ஏமாத்த மாட்டாங்கன்னாரு."

சுபத்ராவுக்குச் சுருக்கென்றது. திட்டியிருந்தால் திருப்பிச் சமாதானம் சொல்லியிருப்பாள், அதில் அவளுக்கு நல்ல பழக்கம். அடுத்த வாசலுக்குப் போகாமல் தெருமுனையில் நின்ற காருக்குத் திரும்பிவிட்டாள்.

காரில் வட்டம் உட்கார்ந்திருந்தார். அந்தக் கட்சியில் ஆளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது அபூர்வம். மாவட்டச் செயலாளர் 'மாவட்டம்', வட்டச் செயலாளர் 'வட்டம்'. வட்டம் சாப்பிட்டாச்சா, மாவட்டம் தூங்கறாரா என்று அவர்கள் பேசிக்கொள்வதைக் கேட்டால் வெளியாள் குழம்பிப் போவான். இந்த வட்டத்தின் பெயர் ஏசுபாதம். அவளுடைய அப்பா காலத்து ஆள். ஊர் முன்னால் கவுன்சிலரம்மா என்பார், தனியாக இருந்தால் பாப்பா. அவரிடம்தான் அவள் எரிந்து விழுந்தாள். இத்தனை தெரு இருக்கும்போது இந்தப் பாழாய்ப்போன தண்ணீர் ஏன் இந்த ஒரு தெருவுக்கே வந்து சாகிறது என்று கேட்டாள்.

"அது கலங்கல் தெரு பாப்பா. தண்ணி வேற எங்க போவும்?"

கலங்கல் என்றால் கலங்கின தண்ணீர், சேறு என்பதுதான் அவளுக்குத் தெரிந்த தமிழ். வட்டத்துக்கு ஆச்சரியமாகிவிட்டது.

"ஏரி ரொம்பிச்சின்னா மிச்சத் தண்ணி வழியறதுக்கு ஒரு எடம் வுட்டுருப்பாங்க இல்ல, அதுக்குப் பேருதான் கலங்கல். சித்தேரிக் கலங்கலு நம்ம மண்டபத்துக்குப் பின்னாலயே கீது. அங்க வழியற தண்ணி இந்த வழியாத்தான் போவும். முன்ன தெரு பேரே அதான்."

பெயர் போன கதையையும் அவரே சொன்னார். மனைகள் போட்ட சமயம் ஒரு கூட்டம். வைத்தீஸ்வரன் மேடையேறி, கலங்கல் தெருவாமே, கலங்கின தெருவில் எவன் குடிவருவான், எங்க அப்பா பேரை வைங்க, ஜனங்க தெளிவா இருக்கட்டும் என்றார். எல்லாரும் கைதட்டினார்கள். வட்டமும்தான் தட்டினார். மறுநாள் பழைய பெயரைச் சுண்ணாம்பு அடித்து மறைத்ததும் அவரே. வைத்தீஸ்வரன் படித்ததெல்லாம் பட்டணத்து ஹாஸ்டலில். அவர் ஏரியைக் கரையிலிருந்து பார்த்ததோடு சரி. பேச்சாளர் வீட்டுப் பிள்ளை, ஒரு சொல்லைக் கேட்டதும் அதை வைத்து ஒரு சிலேடை செய்யத் தோன்றியதே தவிர, அர்த்தம் கேட்கத் தோன்றவில்லை. கூட்டத்தில் அர்த்தம் தெரிந்தவர்களும் இருந்திருப்பார்கள். எம்.எல்.ஏ. சிலேடை செய்யும்போது யார் போய் அர்த்தம் சொல்வது.

சுபத்ரா மறுநாளே மண்டபத்தின் பின்பக்கம் போய்ப் பார்த்தாள். ஏரிக்கரையில் தாழ்வாகக் கட்டிய கருங்கல் சுவர், அதன்மேல் வழிகிற தண்ணீர், நேராக வந்து மண்டபத்தின் முதுகில் முட்டி இரண்டு பக்கமும் பிரிந்து ஓடியது. பார்த்தபின் அவளுக்குச் சந்தேகம் எதுவும் மிச்சமில்லை. மாநகராட்சிப் பொறியாளரைக் கூப்பிட்டுக் கேட்டாள். மண்டபத்தை நோட்டீஸ் கொடுத்து எடுப்பதென்றால் கோர்ட்டுக்குப் போகும், இழுத்துக்கொண்டே கிடக்கும், உரிமையாளரே மனசு வைத்து ஒப்படைத்தால் அது மறித்து நிற்கிற கால்வாயைத் திறந்துவிடலாம் என்றார். சொல்லிவிட்டு, உரிமையாளர் யார் என்பது நினைவுக்கு வந்தவராக வேறு பக்கம் பார்த்துக்கொண்டார்.

அந்தச் சமயம் பார்த்துத்தான் தாத்தாவின் நூற்றாண்டு விழா வந்தது. தெருமுனையில் அலங்கார வளைவுக்கு அடிக்கல் நாட்டுவதாக ஏற்பாடு. மாவட்டம் நேரில் வருகிறார். சீட்டைப் பற்றி மேடையிலேயே ஜாடையாகச் சொல்லப்போகிறார் என்று ஊரெல்லாம் கசிந்திருந்தது. இந்த நேரத்தில் வாயைத் திறக்காமல் இருப்பதுதான் புத்திசாலித்தனம் என்று குழந்தைக்குக்கூடத் தெரியும். சுபத்ரா நேராக அம்மாவிடம் போனாள்.

அபிதகுஜாம்பாள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுப் பேப்பரை மடித்து வைத்தாள். அரசியல்வாதி வீட்டில் வாழ்க்கைப்பட்டு அரசியல்வாதிகளைவிடக் கெட்டிக்காரியானவள் அவள். நீ சொல்வது நியாயம்தான், முதலில் சீட்டு வாங்கு, ஜெயி, அப்புறம் இடித்துக்கொள் என்றாள்.

"ஜெயிச்சப்புறம் நான் இடிக்க மாட்டேம்மா. அப்பாவும் ஜெயிச்சவர்தான்."

"அவருக்குத் தெரியாதுடி அப்போ."

"எப்போ தெரிஞ்சுது?"

அம்மா மடித்த பேப்பரை இன்னொரு தடவை மடித்தாள். பிறகு சொன்னாள். வெள்ளத்தின்போது தெரு ஜனங்களை மண்டபத்து மொட்டைமாடியில் ஏற்றி, அவர்களோடு இரண்டு நாள் அவரும் இருந்தார். அங்கிருந்து ஏரித் தண்ணீர் வருகிற வழியைக் கண்ணால் பார்த்தார். வீட்டுக்கு வந்து சாப்பிடவில்லை. நான் பேர் வெச்சது தண்ணி மேல குஜா என்றார். பெயரை எடுத்துவிட்டு மண்டபத்தையும் எடுத்துவிடுங்கள் என்று அவள் சொல்லிப் பார்த்தாள். எங்க அப்பாவை இன்னொரு தடவை கொல்லச் சொல்றியா என்று கேட்டாராம். அதற்குப் பிறகு அந்தப் பேச்சை எடுக்கவே விடவில்லை, மழை பெய்தால் மட்டும் தூங்க மாட்டார் என்றாள் அம்மா.

சுபத்ராவுக்கு அழுகை வந்தது. துக்கத்தில் பாதி, ஆத்திரத்தில் பாதி. அப்பாவை அவளுக்கு உயிர். தோற்ற தேர்தலின்போதுகூட அவர் முகத்தைப் பார்த்து இப்படி வலித்ததில்லை.

"தெரியாம வெச்சதுக்கு அவரை மன்னிச்சுடலாம்மா. தெரிஞ்சும் விட்டாரே, அதுக்கு என்ன பண்றது?"

அபிதகுஜாம்பாள் எழுந்து உள்ளே போய்விட்டாள். காலையில் மகள் காபி குடிக்க உட்கார்ந்தபோது எதிரே வந்து நின்று, எங்கே கையெழுத்துப் போடணும் என்று கேட்டாள். கூடவே ஒன்று சொன்னாள்.

"ஆனா அதை நீதான் சொல்லணும். விழா மேடையில, உன் வாயால. உங்க அப்பாவைப் பத்தி வேற எவனும் சொல்லி நான் கேக்கக் கூடாது."

விழாவன்று கூட்டத்துக்குக் குறைவில்லை. தாத்தாவைப் பற்றி ஆளாளுக்குப் பேசினார்கள். தாத்தா இருந்திருந்தால் பாதியில் எழுந்து போயிருப்பார். மாவட்டம் சுபத்ராவைப் பார்த்து, இந்தக் குடும்பத்துக்குக் கட்சி செய்யவேண்டியது பாக்கி இருக்கிறது என்று சொன்னதும் விசில் பறந்தது. அடுத்துப் பேசக் கூப்பிட்டது அவளை. மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"எங்க தாத்தா பேரை நம்பி இங்க வீடு வாங்கினீங்க. அந்தப் பேர் மறைச்சது ஏரியோட கலங்கலை. மறைச்சவர் எங்க அப்பா. தெரியாமத்தான் செஞ்சார். பின்னால தெரிஞ்சுது, சொல்லாமப் போயிட்டார். நான் சொல்றேன். மண்டபத்தை நாங்களே இடிக்கக் கொடுக்கறோம். தெருவுக்குப் பழைய பேரே வரட்டும். அடுத்து வர்றவங்களாவது தெரிஞ்சு வாங்கட்டும். வளைவு வேண்டாம்."

கைதட்டல் வரும் என்று நீங்கள் எதிர்பார்த்தால், அவளும் கொஞ்சம் எதிர்பார்த்தாள். வரவில்லை. முன்வரிசையில் ஒருத்தர் ஆதாரில் அட்ரஸ் மாற்றவேண்டுமா என்று கேட்டார். இன்னொருத்தர் கலங்கல் தெரு என்று போட்டால் வீடு விலை போகுமா என்று கத்தினார். ரோஸியின் வீட்டுக்காரர் சுகுமார் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்து போனார். அடிக்கல்லுக்கென்று தட்டில் வைத்திருந்த சாந்துக் கரண்டியை என்ன செய்வதென்று தெரியாமல் வட்டம் துண்டால் மூடினார்.

மேடையைவிட்டு இறங்கும்போது மாவட்டம் அவள் காதருகே குனிந்தார். குரலில் கோபமே இல்லை.

"பெத்த அப்பனையே மேடையில நிறுத்தி இடிச்சிட்டியேம்மா. உன்ன நம்பி ஒரு தொகுதிய எப்படிக் குடுக்கறது?"

சீட்டு மாவட்டத்தின் அக்கா மகனுக்குப் போயிற்று. சுபத்ரா அதைச் செல்போனில் பார்த்தாள். வலித்தது. இல்லை என்று அவள் யாரிடமும் நடிக்கவில்லை. ஒருநாள் முழுக்கப் படுத்துக் கிடந்தாள். அதற்கடுத்த நாள் மாநகராட்சிக்குப் போய்ப் பொறியாளர் எதிரில் உட்கார்ந்தாள். தினமும் போனாள். அவளைக் கண்டாலே எழுந்து டீ குடிக்கப் போகிறவர்களை டீக்கடையிலேயே போய்ப் பிடித்தாள். தெருப் பெயர் தீர்மானம் கூட்டத்துக்கு வந்தபோது எதிர்க்கட்சிக்காரர்கள் சந்தோஷமாகக் கைதூக்கினார்கள். அவள் கட்சிக்காரர்கள் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்காமல் தூக்கினார்கள். எப்படித் தூக்கினால் என்ன, தீர்மானம் நிறைவேறியது.

மறு வருஷம் கார்த்திகையில் வானம் மறுபடி கறுத்த ஒரு காலை, பொக்லைன் வந்தது. ஏரி நிரம்பியிருந்தது. கலங்கல் வழிந்து, மண்டபத்தின் பின்சுவரில் இடுப்பளவு தண்ணீர் முட்டிக்கொண்டு நின்றது. தெரு ஜனங்கள் ஓரமாக நின்று பார்த்தார்கள். அபிதகுஜாம்பாள் ஆட்டோவில் வந்து இறங்கி மகளுக்குப் பக்கத்தில் நின்றாள். மண்டபத்தின் முகப்பில், வாசலுக்கு மேலே, பொன்னுரங்கம் மாளிகை என்று ஆளுயர எழுத்துகள்.

பொக்லைன் ஓட்டுநர் நடுவயதுக்காரர். பெயரை அண்ணாந்து பார்த்தவர் வண்டியை அணைத்துவிட்டு இறங்கி வந்தார்.

"மேடம், எங்கப்பா உங்க தாத்தா பேச்ச கேட்டுத்தான் கட்சிக்கு வந்தாரு. பின்னாலேர்ந்து இடிச்சுகினு வரேன். பேரு கடைசியா வுழட்டும். மனசு கேக்கல."

வட்டம் அதுதான் மரியாதை என்றார். கூட்டத்திலும் யாரோ ஆமாம் என்றார்கள். சுபத்ரா தண்ணீரைப் பார்த்தாள், எழுத்துகளைப் பார்த்தாள். ஓட்டுநர் பக்கம் திரும்பினாள்.

"பின்சுவரை முதல்ல உடைச்சா தண்ணி உள்ள வந்து முன்சுவர்ல முட்டி நிக்கும்ணா. போற வழியைத்தான் முதல்ல திறக்கணும். பேர்லேர்ந்து ஆரம்பிங்க."

ஓட்டுநர் ஏறி உட்கார்ந்து வண்டியை முன்பக்கம் திருப்பினார். அபிதகுஜாம்பாள் செருப்பைக் கழற்றிவிட்டுச் சேற்றில் வெறுங்காலோடு நின்றாள்.