லிதியாவின் பதினான்கு நிமிடம்

1.

இந்தக் கதை என்னுடையதல்ல. ஜோசப்பின் என்ற அக்கா, தேவாலயத்தில் பூசை முடிந்த இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளில், ரொறன்ரோவுக்குப் பக்கத்து அஜக்ஸில் தன் தங்கை றோஸ்மேரி வீட்டுச் சமையலறையில் இருந்து சொன்னது. மன்னாரில் பிறந்தவர், பத்தொன்பது வயதில் புலமைப்பரிசில் கிடைத்து சினிமா படிக்க மொஸ்கோ போனவர். முப்பது வருடத்துக்கு மேல் அங்கே ரஷ்யப் படங்களுக்கு எடிட்டராக இருந்தார். கதைக்குள் அவரை 'அவள்' என்று எழுதப்போகிறேன். கோபிக்கமாட்டார்.

அவருக்கு வாசித்துக் காட்டிய என் முதல் தொடக்கம்: மொஸ்கோவில் அன்று பனி கொட்டியது. ஜன்னலோரம் நின்ற ஜோசப்பின்—

"எந்த ஜன்னல்?" என்றார் அக்கா. "எடிட்டிங் ரூமுக்கு ஜன்னலே இல்லை, தம்பி. பனியோ வெயிலோ, வெளியில வந்தாத்தான் தெரியும்."

2.

ஆகவே, ஜன்னல் இல்லாத அறை. அவளுடைய ரஷ்ய உச்சரிப்பைக் கேட்டுச் சிரித்தவர்கள் உண்டு. அவள் காதைக் குறை சொன்னவர் இல்லை. நடிகர் பேசுமுன் இழுக்கும் மூச்சைக் கேட்டே எங்கே வெட்டவேண்டும் என்று சொல்லிவிடுவாள். அப்படி நாற்பத்தொரு படங்கள்.*

* [படங்களின் பட்டியல் இங்கே இருந்தது. "உந்தப் பட்டியலை ஆர் வாசிக்கிறது?" என்று றோஸ்மேரி கேட்டார். எடுத்துவிட்டேன்.]

அவற்றில் பதினொன்றில் லிதியா என்ற நடிகை நடித்திருந்தார். ஜோசப்பினைவிட மிக மூத்தவர். போர்க்காலத்தில் மன்னாரில் அம்மா இறந்து, ஜோசப்பின் போக வழியில்லாமல் இருந்த அன்று, லிதியா தேநீர்ப் போத்தலோடு வந்து மாலைவரை பக்கத்தில் இருந்தார். பிடித்த கையை விடவில்லை.

3.

2022. கடைசிப் படம். மகனை வழியனுப்பும் தாயாக லிதியா. படம் முடியும் தறுவாயில், ஒரு பேட்டியில் 'உக்ரைனில் இந்தப் போர் வேண்டாம்' என்று சொல்லிவிட்டார். அந்த வாரமே தயாரிப்பாளர் வந்தார். "அந்த அம்மா படத்தில் இருக்கக்கூடாது."

லிதியா வரும் காட்சிகள், மொத்தம் பதினான்கு நிமிடம்.

நான் எழுதியது: ஜோசப்பின் கதிரையைத் தள்ளிவிட்டு எழுந்தாள். "இது என்னால்—"

"நான் எழும்பேல்லை," என்றார் அக்கா. "இருந்து வெட்டினனான். நாலு நாள்."

"ஏன் அக்கா?"

"பயம். வேறென்ன? எத்தினை வருசம் இருந்தாலும் வெளிநாட்டுக்காரிதானே."

[எனக்கு அவர்மேல் கோபம் வந்தது. அந்த அறையில் நான் இருந்திருந்தால் என்று யோசித்ததும் அது போய்விட்டது.]

மகன் தாயிடம் பேசியதெல்லாம் தனக்குத்தானே பேசியதாக மாறியது. வெட்டின தடமே தெரியவில்லை என்று எல்லோரும் பாராட்டினார்கள். அந்தப் பாராட்டுத்தான் அவளைத் தின்றது. வெட்டிய காட்சிகளை ரகசியமாகப் பிரதி எடுத்துக்கொண்டு, அந்த வருடக் கடைசியில் ரொறன்ரோவுக்கு வந்துவிட்டாள்.

4.

போன மாதம் லிதியாவின் மகள் தேடிப் பிடித்து அழைத்தாள். அம்மாவுக்கு எண்பத்து நான்கு வயது, படுக்கை. அந்தப் பேட்டிக்குப் பிறகு யாரும் நடிக்கக் கூப்பிடவில்லை. கடைசியாக நடித்ததை ஒருமுறை பார்க்க ஆசைப்படுகிறார். ஏதாவது இருக்கிறதா?

சனிக்கிழமை காலை, சமையலறை மேசையில் மடிக்கணினியைத் திறந்து ஓடவிட்டாள். வீடியோ அழைப்பில் லிதியாவும் பார்க்கும்படி, திரைக்கு நேரே றோஸ்மேரி கைபேசியைப் பிடித்துக்கொண்டு நின்றார். "கை உளையுதக்கா," என்றாரே தவிர இறக்கவில்லை. ஜோசப்பின் படத்தைப் பார்க்கவில்லை. கைபேசியில் தெரிந்த, தன்னையே பார்த்துக்கொண்டிருந்த லிதியாவின் முகத்தைப் பார்த்தாள்.

முடிந்ததும் லிதியா கண்ணைத் துடைத்தார். "நீதான் என்னைக் காப்பாற்றி வைத்திருக்கிறாய்," என்றார். பிறகு கேட்டார்: "உன் கையிலிருந்து படத்தை வாங்கி என்னை வெட்டியது யார்? உனக்குத் தெரிந்திருக்குமே."

5.

மூன்று முடிவுகள் எழுதினேன். ஒன்றில், "நான்தான்" என்கிறாள். ஒன்றில், "தெரியாது" என்கிறாள். மூன்றாவதில் இணைப்பு அறுந்துபோகிறது. அது என் கோழைத்தனம், கிழித்துவிட்டேன்.

உண்மையில் லிதியாவிடம் என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன். அக்கா சொன்னார். சொல்லிவிட்டு, "அதை எழுதாதையும். உம்மட வாசகரிட்டக் கேளும், என்ர இடத்தில இருந்தா தாங்கள் என்ன சொல்லுவினம் எண்டு," என்றார்.

கேட்டுவிட்டேன். லிதியா உங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.