போர் வேண்டாம் என்றால்

டேப் ரிக்கார்டர் கேசட்டைத் தின்றுவிட்டது. சிக்கிய நாடாவைக் கொத்தாக இழுத்துக் காட்டி, "புதுசு ஒண்ணு வாங்கிட்டு ஜல்தி வந்திருதேன். அதுவரைக்கும் கரண்டு போகாம நீ பிள்ளையாரப் பிடிச்சுக்கோ" என்றார் என் கணவர் நல்லசிவம்.

அது 1987, டெல்லியில் ஜனக்புரி. பேங்க் வேலையை விட்டுவிட்டு, பழைய போர்களை வைத்துக் கம்ப்யூட்டர் விளையாட்டுகள் எழுதிக்கொண்டிருந்தார். நேரு பிளேஸில் ஒரு சிறு கம்பெனி அவற்றைக் கேசட்டில் போட்டு விற்றது. பானிபட் ஏற்கெனவே வந்திருந்தது. இது கலிங்கம். ஆடுபவர்தான் அசோகன். படையெடுக்கலாம், எடுக்காமலும் இருக்கலாம். எடுக்காவிட்டால்? போரைப் பார்த்துத்தானே அந்த மனுஷன் மாறினான். போரே நடக்காவிட்டால் கடைசியில் அவன் என்ன ஆவான்? மாதக்கணக்கில் அந்த இடத்திலேயே நின்றுகொண்டிருந்தார். தட்டில் சோறு ஆறிக் கிடக்கும். அன்றுதான் விடை கிடைத்தது என்று காலையில் உட்கார்ந்தவர், பகல் முழுக்கத் தட்டினார். தட்டியதைக் கேசட்டில் பதிந்தால்தான் தங்கும்.

"என்னதான் ஆவான்?" என்று கேட்டேன்.

"வந்து சொல்லுதேன். இப்ப சொன்னா, இதுக்கா இத்தன நாளும்ப."

செருப்பை மாட்டிக்கொண்டு போனார். பங்கா ரோட்டைக் கடக்கும்போது பஸ் மோதி, அந்த இடத்திலேயே உயிர் போய்விட்டது.

செய்தி கொண்டுவந்தவர் அந்த விளையாட்டு வேலையில் அவரோடு இருந்த பட்டாபி. ஆஸ்பத்திரிக்குத் திரும்புமுன் அறையை எட்டிப் பார்த்தார். அந்தக் கம்ப்யூட்டருக்கு டி.வி.தான் திரை. என் கணவர் தட்டிய வரிகள் அதில் அப்படியே நின்றன. கரண்ட் நின்றால் இன்று எழுதியது அத்தனையும் போய்விடும், எதையும் அணைக்க வேண்டாம், கேசட்டோடு வந்து நானே பதிந்து எடுக்கிறேன் என்றார். தலையாட்டினேன். அதில் எதை அழுத்த வேண்டும் என்று எனக்குத் தெரியாது.

வீடு நிறைந்தது. என்னைச் சுவரோரம் உட்காரவைத்தார்கள். திறந்திருந்த கதவு வழியே டி.வி. தெரிந்தது. அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். கரண்ட் போகவில்லை.

மாடி வீட்டுப் பூங்கோதை அக்காவும் பார்த்தாள். எங்கள் ஊர்ப் பக்கத்துக்காரி. "துட்டி வீட்டுல டி.வி. ஓடுது பாரு. வாரவுக என்ன நெனப்பாக?" என்று எழுந்தாள். என்னை யாரும் ஒரு சொல் சொல்லிவிடக் கூடாது என்றுதான் எழுந்தாள். டி.வி.யை மட்டும் அணைத்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. பக்கத்தில் கிடந்த கறுப்புப் பெட்டிதான் கம்ப்யூட்டர்; அதற்கு விளக்கும் இல்லை, சத்தமும் இல்லை. அது ஓடிக்கொண்டிருப்பது அவளுக்கு எப்படித் தெரியும்? அவள் கை இரண்டுக்கும் பொதுவாகச் சுவரிலிருந்த சுவிட்சுக்குப் போனது. அக்கா என்று கூப்பிட வாயைத் திறந்தேன். அழப்போகிறேன் என்று நினைத்துப் பக்கத்திலிருந்தவள் என் முகத்தைத் தன் தோளில் அழுத்திக்கொண்டாள்.

கேசட்டோடு வந்த பட்டாபி அறை வாசலில் சற்று நின்றார். இருண்டு கிடந்த டி.வி.யைப் பார்த்துவிட்டு, கேசட்டைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

பின்னால் அந்த முடிவைத் தானே எழுதிப் பார்த்தார். எதுவும் பொருந்தவில்லை. தன்னிடமிருந்த பழைய பிரதியையே கம்பெனிக்குக் கொடுத்தார். கடைகளுக்கு வந்ததும் அதுதான். கலிங்கத்தின் மீது படையெடுக்கலாமா என்று திரை கேட்கும். வேண்டாம் என்று அழுத்தினால், மறுபடியும் அதையே கேட்கும்.