ஒன்பது ஜெபமாலைக் கறி

யுத்தம் முடிந்த மறுவருஷம். சாந்தோம் மர்சலினுக்கு அன்று ஒரே கவலை: கறி வெண்ணெயாக வேகவேண்டும். மகள் டோரதியைப் பார்க்க வரும் மாப்பிள்ளையின் தாய் அல்போன்சாவுக்கு வாயில் மூன்றே பல். கறி வேகவில்லை என்பதற்காகவே இரண்டு சம்பந்தத்தை உதறியவர்.

குலாம் முகம்மது கடை மாட்டுக்கறி மூன்று மணி நேரம் தணலில் இருக்கவேண்டும். முட்டைக்கோஸ் கடைசி இருபது நிமிஷம். கடிகாரமோ லஸ் கடைத்தெருவுக்குப் பழுதுபார்க்கப் போயிருந்தது. மர்சலின் கணக்குப் போட்டாள். ஒரு ஜெபமாலைக்கு இருபது நிமிஷம், ஆக ஒன்பது. சட்டியை மூடிவிட்டுக் கூடத்தில் முழங்காலிட்டு, எண்ணிக்கை தவறாமலிருக்கச் சத்தமாகவே தொடங்கினாள்.

மூன்றாவது ஓடும்போது பக்கத்து வீட்டுத் தங்கபுஷ்பம் எட்டிப் பார்த்தாள்.

"இன்னாக்கா, காலைலேர்ந்து வேண்டிக்கினே கீற? யாருக்கு இன்னா?"

பேசினால் எண்ணிக்கை போய்விடும். போ போ என்று மர்சலின் கையை மட்டும் அசைத்தாள். கை போன திசையில், துறைமுகத்தில் ராத்திரி வேலை முடித்து வந்த கணவர் பவுல்சாமி முகத்தில் துண்டைப் போட்டுக்கொண்டு மல்லாந்து கிடந்தார். தங்கபுஷ்பம் வாயைப் பொத்திக்கொண்டு தெருவுக்கு ஓடினாள்.

ஆறாவது முடிவதற்குள் தெருவே கூடத்தில் முழங்காலிட்டு மூக்கைச் சிந்தியது. சத்தத்தில் விழித்த பவுல்சாமி பதறிப்போய்த் தானும் முழங்காலிட்டார்.

"யாரு பூட்டாங்க?" என்று பக்கத்துக் கிழவரைக் கேட்டார்.

"நீதான் நைனா," என்றார் அவர், கண்ணைத் திறக்காமல்.

எட்டாவது முடியும் தறுவாயில் அல்போன்சா வந்துவிட்டார். பக்தியான வீடு என்று பூரித்து அவரும் முழங்காலிட்டார். இப்போது கோஸைப் போட்டாகவேண்டும். சம்பந்தியம்மாள் ஜெபிக்கும்போது எழுந்து நடப்பது எப்படி? மர்சலின் ஒன்பதாவதைச் சொல்லிக்கொண்டே, பக்கத்தில் தயாராயிருந்த கோஸ் தட்டோடு, முழங்காலாலேயே அடுப்பங்கரைக்கு நகர்ந்தாள். ஏதோ நேர்த்திக்கடன் என்று கூட்டமும் முழங்காலாலேயே பின்னால் போயிற்று. பவுல்சாமியும் போனார்.

மூடியைத் திறந்து கோஸைப் போட்டாள். மிளகும் பட்டையும் மணந்தன. ஜெபம் பாதியில் நிற்க, யாரோ முந்திக்கொண்டு ஆமென் சொல்லிவிட்டார்கள். மர்சலின் மட்டும் ஒன்பதாவதை முடித்துத்தான் சட்டியை இறக்கினாள்.

இலையில் அல்போன்சா கறியை நாக்காலேயே நசுக்கிப் பார்த்தார்.

"எத்தினி நேரம் வெந்துச்சு?"

"ஒம்போது ஜெபமாலைங்க. கடியாரம் ரிப்பேருக்குப் போயிருக்குங்க," என்றாள் மர்சலின்.

அவர் நிதானமாக விழுங்கினார். "எங்க வூட்லயும் கடியாரம் ஓடல. பொண்ண அனுப்பி வைய்யி, சரியாப்பூடும்."

வேண்டிக்கொள்ள வந்த தெருவும் சாப்பிட்டுவிட்டே போயிற்று. செத்துப் பிழைத்த பவுல்சாமிக்கு மிஞ்சியது கொஞ்சம் குழம்பும் ஒரு கோஸ் இலையும்தான்.