நோ பாயிண்ட்ஸ் சார்

எங்கள் வீட்டுக்காரர் சிங்காரவேல் ஜனநாயகத்தைச் சந்தித்தது ரிடையர் ஆன பிறகுதான். அதுவரை இருவருக்கும் அறிமுகம் கிடையாது. நெய்வேலி டவுன்ஷிப் குவார்ட்டர்ஸில் இருந்தவரை குழாய் ஒழுகினால் ஓரிடத்தில் சொல்வோம், விளக்கு எரியாவிட்டால் இன்னோரிடத்தில் சொல்வோம், ஆள் வருவார். இன்று வராவிட்டால் நாளைக்கு வருவார். நடுவில் கவுன்சிலர் என்று ஒருவர் தேவைப்படும் என்று எங்களுக்குத் தோன்றியதே இல்லை.

குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு, டவுன்ஷிப்புக்கு வெளியே செம்மண்மேடு பேரூராட்சியில் வீடு கட்டிக்கொண்டு வந்தோம். வந்த முதல் வாரமே தெருவிளக்கு அணைந்தது. இவர் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, ஆள் வருவார் என்று பார்த்துக்கொண்டிருந்தார். யாரிடமும் சொல்லவில்லை. ஒரு வாரம் கழித்து, "இங்கே கம்ப்ளெயிண்ட் எந்த செக்‌ஷன்?" என்று என்னைக் கேட்டார். நானும் அதே குவார்ட்டர்ஸில் குப்பை கொட்டியவள்தானே, எனக்கு மட்டும் எப்படித் தெரியும்?

ஆனால் அவர் சும்மா இருக்கிற ஆள் இல்லை. விசாரித்தார். விசாரித்ததையெல்லாம் பழைய காலண்டர் தாளின் பின்பக்கம் கட்டம் கட்டமாக வரைந்து, கூடத்துச் சுவரில் ஒட்டினார். உச்சியில் சேர்மன். அவருக்குப் பக்கத்தில் செயல் அலுவலர், அதாவது கவர்ன்மெண்ட் அனுப்பிவைக்கிற ஆபீசர். அதற்குக் கீழே வார்டு வாரியாகக் கவுன்சிலர்கள். கட்டங்களெல்லாம் முடிந்த பிறகு, தாளின் அடியில், கட்டமே இல்லாமல் 'பப்ளிக்'.

"கவுன்சிலருங்க சேர்ந்துதானே சேர்மனைத் தேர்ந்தெடுக்கறாங்க?" என்று கேட்டேன்.

"ஆமா."

"கவுன்சிலரை நாம தேர்ந்தெடுக்கறோம்."

"ஆமா."

"அப்போ நாமதானே உச்சியில இருக்கணும்? படத்தைத் தலைகீழா ஒட்டியிருக்கீங்க."

அவர் என்னைப் பார்த்த பார்வையில் இரக்கம் இருந்தது. "பப்ளிக் எப்படி மேல வரும், திலகவதி? ஃபீல்டுல இருக்கறவன் ஃபீல்டுலதான்" என்றார். தமிழ்நாட்டின் உள்ளாட்சிச் சட்டத்தை ஒரே வரியில் முடித்துவைத்த பெருமை எங்கள் கூடத்துக்கு உண்டு.

அந்தப் படத்தில் பிறகு ஒரு கட்டம் கூடியது. பகுதி சபை. ஒவ்வொரு வார்டையும் பகுதிகளாகப் பிரித்திருக்கிறார்கள், மூன்று மாதத்துக்கு ஒரு தடவை கவுன்சிலர் கூட்டம் போடவேண்டும், அந்தப் பகுதியில் ஓட்டு உள்ள யாரும் போய் உட்காரலாம், குறை சொல்லலாம், எந்த வேலை முதலில் நடக்கவேண்டும் என்று கேட்கலாம். இதைக் கேள்விப்பட்ட அன்று அவருக்குத் தூக்கமே வரவில்லை. காலை வாக்கிங்கில் துரைராஜிடம் சொன்னார். துரைராஜும் இவரைப்போல நெய்வேலி மைன்ஸில் வேலை பார்த்து, ஃபோர்மேனாக ரிடையர் ஆனவர். அவர் மற்றவர்களிடம் சொன்னார். எங்கள் தெருவின் மேட்டுப் பக்கம் குடியிருக்கும் அத்தனை பென்ஷன்காரர்களும் ஒரே நாளில் குடிமக்கள் ஆகிவிட்டார்கள்.

இந்தச் செய்தி தெருவின் கீழ்க்கோடி வரை போனது. அங்கேதான் வீரம்மாள் இருக்கிறாள்.

வீரம்மாள் டவுன்ஷிப்பில் கான்ட்ராக்டில் துப்புரவு வேலை பார்ப்பவள். எங்கள் குவார்ட்டர்ஸ் காலத்திலிருந்தே பழக்கம். எங்களுக்குப் பிறகு அவளும் இதே தெருவில் ஒரு துண்டு இடம் வாங்கி, கல்நார் ஓடு போட்டு வீடு கட்டினாள். தெரு மேற்கே மேடு, கிழக்கே பள்ளம். மேட்டில் பர்மனென்ட் வேலைக்காரர்களெல்லாம் வீடு கட்டிக்கொண்டோம், பள்ளம் கான்ட்ராக்ட் ஆட்களுக்கு மிஞ்சியது. இதை யாரும் தீர்மானம் போட்டுச் செய்யவில்லை, தானாகவே நடந்தது என்றுதான் நாங்கள் சொல்லிக்கொள்கிறோம். மழை பெய்தால் எங்கள் தண்ணீரெல்லாம் அவள் வீட்டுக்குத்தான் விருந்து போகும். போன ஐப்பசியில் கட்டில் கால் முழுகிற அளவுக்கு நின்றது.

அவள் ஒரு நாள் சாயங்காலம் வந்து வாசற்படியில் நின்றாள்.

"சார், கால்வா கட்டப் போறாங்களாமே. அது எங்க வூட்டாண்ட வரைக்கும் வந்து, அப்படியே ஓடையில போய் சேரணுங்க. பாதியில வுட்டாங்கன்னா மேட்டுத் தண்ணி மொத்தமும் நேரா எங்க வூட்டுக்குள்ளதான் பூரும். எம் பொண்ணு தமிழ்நிலாவுக்கு கார்த்திகையில மாசம். மொத புள்ள. பச்சப்புள்ளய வெச்சிக்கினு ஈரத்துல எங்க குந்துறது?"

"நீயே வந்து சொல்லேன் வீரம்மா. யார் வேணும்னாலும் பேசலாம்" என்றார் இவர், புதுக் குடிமகனின் தாராளத்தோடு.

"வரேங்க. ஆனா நான் சொன்னா யாரு காதுல வாங்குவாங்க? நீங்க சொல்லுங்க சார். மைன்ஸ்லயே தண்ணி எறச்சவரு நீங்க."

அது உண்மைதான். சர்வீஸ் முழுக்கப் பம்ப் செக்‌ஷனில் இருந்தவர். சுரங்கத்தில் ஊறும் தண்ணீரை வெளியேற்றியே தலை நரைத்தவர். "நான் பார்த்துக்கறேன்" என்றார். நெஞ்சில் கைவைத்துச் சொன்னார். அதை நான் பார்த்தேன்.

கூட்டம் புரட்டாசியில், ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு. ஃபர்ஸ்ட் ஷிஃப்ட்காரன் வேலையில் இருப்பான், நைட் ஷிஃப்ட்காரன் தூக்கத்தில் இருப்பான், செகண்ட் ஷிஃப்ட்காரன் சோறு கட்டிக்கொண்டிருப்பான். மக்கள் பங்கேற்புக்கு இதைவிட நல்ல நேரம் யாராலும் கண்டுபிடிக்க முடியாது. பென்ஷன்காரர்கள் பத்தரைக்கே வந்து முன்வரிசை நாற்காலிகளைப் பிடித்தார்கள். பெண்கள் நாங்கள் ஓரமாக. வீரம்மாள் ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு வந்து, கடைசியில் தூணோரம் நின்றாள்.

கவுன்சிலர் அம்சவல்லி மேடையில் உட்கார்ந்திருந்தார். அவருடைய வீட்டுக்காரர் பழனிவேல் மைக்கைப் பிடித்திருந்தார். நாங்கள் ஓட்டுப் போட்டது அந்த அம்மாவுக்கு, கிடைத்தது இந்தப் பழனிவேல். அந்த அம்மாள் நடுவில் ஒரு முறை ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். பழனிவேல் அவரிடம் தண்ணீர் பாட்டிலைக் கொடுத்தார். குடித்துவிட்டு அமைதியானார்.

செயல் அலுவலர் சிலம்பரசன் சின்ன வயசுக்காரர், மரியாதையாகத்தான் பேசினார். கால்வாய் மெயின் ரோட்டிலிருந்து தெரு நடுவில் உள்ள டிரான்ஸ்பார்மர் வரை கட்டப்படும் என்றார். மிச்சம் அடுத்த கட்டத்தில். அடுத்த கட்டம் எப்போது என்பது அதற்கடுத்த கட்டத்தில் தெரியவரும் என்பதுபோல ஒரு சிரிப்பு சிரித்தார். டிரான்ஸ்பார்மருக்கு மேலேதான் எங்கள் வீடுகள். அதற்குக் கீழே வீரம்மாளும் இன்னும் மூன்று குடும்பங்களும்.

பிறகு அவர் முன்வரிசையைப் பார்த்துக் கேட்டார்: "உங்க தரப்புல எனி பாயிண்ட்ஸ்?"

நான் இவரைப் பார்த்தேன். தூணோரம் நின்ற வீரம்மாளும் இவரைத்தான் பார்த்தாள்.

ஆபீசர் 'எனி பாயிண்ட்ஸ்' என்று கேட்டால் என்ன சொல்லவேண்டும் என்பது மைன்ஸில் வேலை பார்த்தவனுக்குத் தூக்கத்திலும் தெரியும். அங்கே மீட்டிங் நடக்கும்போதே வெளியே ஷிஃப்ட் பஸ் நிற்கும். பாயிண்ட் சொன்னால் மீட்டிங் நீளும், பஸ் போய்விடும், சொன்னவன் பெயரும் ஆபீசருக்கு ஞாபகம் இருந்துவிடும். ஆகவே அங்கே ஒரே பதில்தான். சொல்லவேண்டியதையெல்லாம் வெளியே டீக்கடையில் சொல்லிக்கொள்வார்கள். எத்தனை வருடப் பயிற்சி! முன்வரிசை மொத்தமும், எங்கள் வீட்டுக்காரர் உட்பட, ஒரே குரலில் சொன்னது:

"நோ பாயிண்ட்ஸ் சார்."

துரைராஜ் பழக்கதோஷத்தில் எழுந்தே நின்றுவிட்டார். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

"சார், எனக்கு ஒண்ணு சொல்லணுங்க" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. வீரம்மாள். எல்லோரும் திரும்பினார்கள். எங்கள் வீட்டுக்காரரும் திரும்பி, நல்ல மனதோடுதான், மெதுவாகக் கையமர்த்தினார். "மீட்டிங் முடிஞ்சிடுச்சும்மா. வெளிய பேசிக்கலாம்."

எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. எழுந்து நானே சொன்னேன். டிரான்ஸ்பார்மரோடு நிறுத்தினால் அந்த நாலு வீடும் குளமாகும் என்று சொன்னேன். சிலம்பரசன் கவனமாகக் கேட்டுக்கொண்டார். "நல்ல பாயிண்ட்டும்மா. ஆனா தீர்மானம் பாஸாயிடுச்சே. அடுத்த கூட்டத்துல வைங்க" என்றார். அடுத்த கூட்டம் மூன்று மாதம் கழித்து. ஐப்பசியும் கார்த்திகையும் அதற்காகக் காத்திருக்கும் என்று யாரும் எனக்கு உறுதி தரவில்லை.

வீட்டுக்கு வந்ததும், "ஏங்க, உங்க வாயில என்ன கொழுக்கட்டையா இருந்துச்சு?" என்று கேட்டேன். அவர் சட்டையைக் கழற்றாமல் அப்படியே நாற்காலியில் உட்கார்ந்தார். "தானா வந்துடுச்சு, திலகவதி" என்றார். பாவமாகத்தான் இருந்தது. பாவப்பட்டு என்ன செய்ய?

கால்வாயை அதிசயமாக ஒரே மாதத்தில் கட்டி முடித்தார்கள். நல்ல சிமெண்ட் வேலை, குறை சொல்ல முடியாது. முன்பெல்லாம் எங்கள் தண்ணீர் மணலில் ஊறி, வளைந்து நெளிந்து, பாதிதான் கீழே போகும். இப்போது ஒரு சொட்டு வீணாகாமல் டிரான்ஸ்பார்மர் வரை ஓடி, அங்கிருந்து நேராக வீரம்மாள் வீட்டுக்குள் பாய்ந்தது. ஐப்பசி அடைமழையில் இடுப்பளவு தண்ணீர். பின்சுவர் ஊறிச் சாய்ந்தது. நிறைமாதக்காரி தமிழ்நிலாவை இவர்தான் கையைப் பிடித்து நடத்திக் கூட்டிவந்தார். எங்கள் முன்னறையைக் காலி செய்து கொடுத்தோம். கார்த்திகையில் பெண் குழந்தை பிறந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து தாயும் பிள்ளையும் நேரே எங்கள் வீட்டுக்குத்தான் வந்தார்கள். வீரம்மாள் அறைக்கு வெளியே ஒண்டிக்கொண்டு, தன் வீட்டில் செய்ய முடியாத வேலையையெல்லாம் எங்கள் வீட்டில் இழுத்துப்போட்டுச் செய்தாள். வேண்டாம் என்றாலும் கேட்கவில்லை. ஒரு நாள்கூட இவரை ஒரு வார்த்தை சொல்லவில்லை.

அடுத்த பகுதி சபை வந்தது. இவர் நான்கு நாளாகக் கண்ணாடி முன் நின்று பேசிப் பார்த்திருந்தார். சிலம்பரசன் 'எனி பாயிண்ட்ஸ்' என்று கேட்டதும் முன்வரிசை வழக்கம்போல் வாயைத் திறந்தது. அதற்குள் இவர் எழுந்துவிட்டார்.  "ஒரு பாயிண்ட் இருக்கு சார்" என்றார். கால்வாய் ஓடைவரை போகவேண்டும், அந்த நாலு வீடும் நாசமாகிவிட்டது, அதில் தன் தப்பும் இருக்கிறது என்று எல்லாவற்றையும் தடுமாறாமல் சொன்னார்.  இந்த மனுஷனோடு இத்தனை வருஷம் குடும்பம் நடத்தியதற்கு அன்றுதான் பெருமைப்பட்டேன்.

பழனிவேல் மைக்கை வாங்கினார்.

"சார் சொன்னது நியாயம்தான். ஆனா இங்க ஒண்ணை எல்லாரும் கவனிக்கணும். பாதிக்கப்பட்ட குடும்பத்தைத் தன்னோட வீட்டுலயே வெச்சுப் பாத்துக்கிறாரு நம்ம சிங்காரவேல் சார். மத்த மூணு குடும்பமும் குள்ளஞ்சாவடிப் பக்கம் சொந்தக்காரங்க வீட்டுக்குப் போயிட்டாங்க. ஆக, இன்னைய தேதியில அந்த எடத்துல பாதிப்புன்னு யாருமே இல்ல. அதனால இது அவசரமில்ல, அடுத்த வருஷத் திட்டத்துல பாத்துக்கலாம். மக்கள் பங்கேற்புன்னா என்னன்னு சார் நமக்கெல்லாம் காட்டிட்டாரு. அவருக்கு நம்ம பகுதி சபை சார்பா ஒரு மரியாதை."

எங்கிருந்தோ ஒரு சால்வை வந்தது. இவர் மறுத்துக் கையை ஆட்டுவதற்குள் தோளில் விழுந்தது. முன்வரிசை கைதட்டியது. துரைராஜ் எழுந்து நின்று தட்டினார். செல்ஃபோன்களில் படம் எடுத்தார்கள். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

கைதட்டல் ஓய்ந்து, டீ வந்து, நாற்காலிகள் நகரத் தொடங்கிய நேரத்தில் வீரம்மாள் தூணோரத்திலிருந்து முன்னால் வந்தாள். பேத்தி தோளில் தூங்கிக்கொண்டிருந்தது. பழனிவேலையோ சிலம்பரசனையோ அவள் பார்க்கவில்லை. நேராக எங்கள் வீட்டுக்காரர் முன்னால் வந்து நின்றாள்.

"அப்போ எங்க வூட்டுக்கு நாங்க எப்பங்க போறது, சார்?" என்று கேட்டாள்.

அவளுக்குக் கோபம்கூட இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். இவர் சால்வையின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு நின்றார், அதைக் கழற்றத் தெரியாமல்.